வீட்டிலேயே ஓட்ஸ் பிஸ்கட்... ஆனால், எத்தனை?

"ஓட்ஸ் பிஸ்கட்தானே டாக்டர்... அதிலே என்ன சர்க்கரை இருக்கப் போவுது?"

இப்படிக் கேட்டவர் என் மாமனார். வயது எழுபத்திரண்டு. பன்னிரண்டு வருஷமாகச் சர்க்கரை நோய். காபியில் சர்க்கரை கிடையாது, தீபாவளிக்குக்கூட ஸ்வீட்டைத் தொடமாட்டார், விடிந்ததும் வாக்கிங் போய்விடுவார். அப்படியும் மூன்று மாதச் சராசரியைக் காட்டுகிற ரத்தப் பரிசோதனையில் 8.6 என்று வந்து நின்றது. மாத்திரையைக் கூட்டுவதற்கு முன்னால், "காலையில எழுந்ததுலேருந்து ராத்திரி படுக்கிற வரைக்கும் வாயில போடுறதை எல்லாம் ஒண்ணு விடாம சொல்லுங்க" என்றார் டாக்டர். பிஸ்கட் சமாசாரம் அப்போதுதான் வெளியே வந்தது. காலை காபியோடு மூன்று, பதினோரு மணிக்கு இரண்டு, சாயங்காலம் நாலு. ஆக, நாளைக்கு ஒன்பது!

வீட்டுக்கு வந்ததும் முதல் வேலையாக அந்தப் பாக்கெட்டைத் திருப்பிப் பார்த்தேன். முன்பக்கம் பெரிய எழுத்தில் ஓட்ஸ். பின்பக்கம் எறும்பு ஊர்ந்த மாதிரி எழுத்தில் சேர்மானங்கள்: மைதா, சர்க்கரை, பாமாயில், அதற்கப்புறம்தான் ஓட்ஸ். எது எடையில் அதிகமோ அதை முதலிலும், குறைவானதைக் கடைசியிலுமாகத்தான் அச்சிட வேண்டும் என்பது நம் நாட்டு விதி. ஆகவே, நாலாவதாக நிற்கிற ஓட்ஸ் சர்க்கரையைவிடக் குறைவு என்று அர்த்தம். இதைப் படிக்க டாக்டர் பட்டம் தேவையில்லை, கண்ணாடி போட்டால் போதும்.

'சரி, நாமே வீட்டில் செய்துவிட்டால் போகிறது' என்று ஆரம்பித்தேன். நன்றாகவே வந்தது. வீட்டில் செய்ததுதானே என்ற தைரியத்தில் மாமா கேட்டபோதெல்லாம் எடுத்துக் கொடுத்தேன். மூன்று மாதம் கழித்து மறுபடி பரிசோதனை. 8.5!

"எப்படிச் செய்றீங்க, என்னென்ன போடுறீங்க... அளவோட சொல்லுங்கம்மா" என்றார் டாக்டர். சொல்லச் சொல்ல ஒரு தாளில் எழுதிக் கூட்டினார். அந்தக் கணக்கைப் பார்த்த பிறகுதான் எனக்கு விஷயம் புரிந்தது. அதனால், பிஸ்கட் செய்கிற விதத்தையும் அந்தக் கணக்கையும் சேர்த்தே இங்கே சொல்லப் போகிறேன். ஒன்றை மட்டும் எடுத்துக்கொண்டு இன்னொன்றை விட்டுவிடாதீர்கள்.

எதை வாங்குவது?

கடையில் ஓட்ஸ் என்று கேட்டால் பல ரகம் எடுத்து வைப்பார்கள். பிஸ்கட்டுக்குத் தேவை தட்டையாக, அவல் போல இருக்கிற சாதா ஓட்ஸ். மசாலா கலந்தது வேண்டாம், அதில் உப்பு ஏராளம். உடைத்த நொய் மாதிரி இருக்கிற ஓட்ஸும் உதவாது. கால் மணி நேர பேக்கிங்கில் அது வேகாமல் பல்லில் கடிபடும். தூளாகிற அளவுக்கு மெல்லிசான உடனடி ஓட்ஸில் செய்யலாம், ஆனால் பிஸ்கட்டுக்கு அந்தக் கரகர தன்மை வராது. வாங்கியதும் பாக்கெட்டைப் பிரித்து ஒரு சிட்டிகை வாயில் போட்டுப் பாருங்கள். மற்ற தானியங்களைவிட ஓட்ஸில் கொழுப்புச் சத்து கொஞ்சம் கூடுதல் (100 கிராமில் சுமார் 7 கிராம்). அதனால் பழசானால் சிக்கு வாடையும் கசப்பும் வந்துவிடும். கசந்தால் திருப்பிக் கொடுத்துவிடுங்கள். எவ்வளவு ஏலக்காய் போட்டாலும் அந்தக் கசப்பு மறையாது.

உலர் பழத்தில் நான் போடுவது கிஸ்மிஸும் பேரீச்சையும். அத்திப்பழம், ஏப்ரிகாட் இருந்தாலும் சேர்க்கலாம். பளிச்சென்ற ஆரஞ்சு நிறத்தில் இருக்கிற ஏப்ரிகாட்டுக்கும், பொன் நிறக் கிஸ்மிஸுக்கும் நிறம் மங்காமல் இருக்க கந்தகப் புகை (ஸல்ஃபர் டை ஆக்ஸைடு) காட்டியிருப்பார்கள். பெரும்பாலோருக்கு அது ஒன்றும் செய்யாது. ஆஸ்துமாக்காரர்களில் சிலருக்கு மட்டும் இழுப்பைக் கிளப்பிவிடும். அப்படிப்பட்டவர் வீட்டில் இருந்தால் கறுப்பு திராட்சையும் பழுப்பு ஏப்ரிகாட்டும் வாங்குவதே நல்லது.

டூட்டி ஃப்ரூட்டியைப் பழம் என்று நினைத்துப் போடுகிறவர்கள் இருக்கிறார்கள். அது பப்பாளிக் காயைத் துண்டு போட்டு, சர்க்கரைப் பாகில் ஊறவைத்து, கலர் ஏற்றியது. குழந்தையின் பிறந்த நாள் கேக்குக்கு அழகுதான். இங்கே அதற்கு வேலை இல்லை.

தேவையானவை (24 பிஸ்கட்டுக்கு)

ஓட்ஸ் 150 கிராம், கோதுமை மாவு 100 கிராம், உப்பில்லாத வெண்ணெய் 100 கிராம், நாட்டுச் சர்க்கரை 60 கிராம், கிஸ்மிஸ் 50 கிராம், கொட்டை நீக்கிய பேரீச்சை 50 கிராம், காய்ச்சி ஆறவைத்த பால் 3 டேபிள்ஸ்பூன், பேக்கிங் பவுடர் 1 டீஸ்பூன் (தலை தட்டி), ஏலப்பொடி அல்லது சுக்குப்பொடி அரை டீஸ்பூன், உப்பு ஒரு சிட்டிகை.

முதல் தடவை மட்டுமாவது தராசில் நிறுத்துப் போடுங்கள். கப் கணக்கில் ஓட்ஸை அமுக்கி அளந்தால் ஒரு அளவு, தளர அளந்தால் ஒரு அளவு. பிஸ்கட் ஏன் உதிர்ந்துபோச்சு என்று பிறகு தலையைச் சொறிய வேண்டியிருக்கும். இன்னொன்று, பேக்கிங் பவுடர் வேறு, சமையல் சோடா வேறு. சோடா பொங்குவதற்குப் புளிப்பு ஏதாவது வேண்டும். இந்தச் சேர்மானத்தில் புளிப்பே இல்லை. பவுடருக்குப் பதில் சோடாவைப் போட்டால் சோப்பைக் கடித்த மாதிரி ஒரு ருசி வரும்.

செய்முறை

வெறும் வாணலியில் ஓட்ஸைச் சின்னத் தீயில் நாலைந்து நிமிஷம் வாசனை வரும்வரை வறுத்து ஆறவையுங்கள். நிறம் மாற வேண்டாம். பாதியை மிக்ஸியில் ஒரே ஒரு சுற்று சுற்றிக் கரகரப்பாக்கி, மீதிப் பாதியோடு கலந்து வையுங்கள். கிஸ்மிஸை வெந்நீரில் அலசித் துணியில் பரப்பி ஈரம் போகத் துடையுங்கள். கத்தியில் துளி எண்ணெய் தடவிக்கொண்டால் பேரீச்சை ஒட்டாமல் நறுக்க வரும். கிஸ்மிஸ் அளவுக்குப் பொடியாக நறுக்குங்கள்.

வெண்ணெய் உருகக் கூடாது. விரலால் அழுத்தினால் பள்ளம் விழுகிற பதத்தில் இருக்க வேண்டும். அதில் நாட்டுச் சர்க்கரையைச் சேர்த்து மரக்கரண்டியால் ஐந்து நிமிஷம் நன்றாகக் குழையுங்கள். நிறம் வெளுத்து, க்ரீம் மாதிரி வரும். கோதுமை மாவு, பேக்கிங் பவுடர், உப்பு, ஏலப்பொடி நான்கையும் சேர்த்துச் சலித்து அதில் போடுங்கள். ஓட்ஸ், பழங்கள், கடைசியில் பால்.

இங்கேதான் நாம் எல்லோரும் கோட்டை விடுவோம். மாவைக் கண்டால் நம் கை சும்மா இருக்காது, சப்பாத்திக்குப் பிசைகிற மாதிரி அழுத்திப் பிசைய ஆரம்பித்துவிடும். கோதுமையில் க்ளூட்டன் என்று ஒரு புரதம் உண்டு. ஈரம் பட்டு, பிசையப் பிசைய அது ரப்பர் போல இழுபட்டு வலுப்பெறும். சப்பாத்திக்கு அது வேண்டும், பிஸ்கட்டுக்கு அதுதான் எமன். வெண்ணெய் மாவைச் சுற்றிப் பூச்சு மாதிரி நின்று அந்த இழுவையைத் தடுப்பதால்தான் பிஸ்கட் வாயில் கரைகிறது. ஆகவே விரல் நுனியால் ஒன்றாகச் சேர்த்தால் போதும், பிசைய வேண்டாம். 'அப்படியானால் கோதுமை மாவே இல்லாமல், வெறும் ஓட்ஸில் செய்தால் என்ன?' என்று கேட்கலாம். ஓட்ஸில் அப்படி இழுத்துப் பிடிக்கிற புரதம் இல்லை. தட்டிலிருந்து எடுக்கும்போதே பொலபொலவென்று உதிர்ந்துவிடும்.

சேர்த்த மாவை மூடி, ஃப்ரிட்ஜில் இருபது நிமிஷம் வையுங்கள். ஓட்ஸ் பாலை இழுத்துக்கொள்ளும், வெண்ணெயும் இறுகும். நம் ஊர் சித்திரை வெயிலில் இதைச் செய்யாமல் விட்டால் அடுப்பில் வைத்ததும் பிஸ்கட் எல்லாம் பரவி ஒரே அப்பளமாகிவிடும்.

பிறகு 24 உருண்டைகளாக, பெரிய நெல்லிக்காய் அளவுக்கு உருட்டி, பட்டர் பேப்பர் போட்ட தட்டில் இரண்டு விரல் இடைவெளி விட்டு வைத்து, உள்ளங்கையால் ஒரு சென்டிமீட்டருக்குச் சற்றுக் குறைவான கனத்துக்குத் தட்டுங்கள். மேலே துருத்திக்கொண்டிருக்கிற கிஸ்மிஸை உள்ளே அமுக்கிவிடுங்கள். வெளியே இருந்தால் கருகிக் கசக்கும். ஓவனைப் பத்து நிமிஷம் முன்பே 170 டிகிரியில் சூடாக்கி வைத்திருந்து, நடுத்தட்டில் 14 முதல் 16 நிமிஷம் பேக் செய்தால் ஆயிற்று. ஓரம் மட்டும் இளம் பொன்னிறமாக வரும்போது எடுத்துவிடுங்கள்.

எடுத்ததும் தொட்டால் மெத்தென்றுதான் இருக்கும். பயப்படாதீர்கள். என் முதல் ஈட்டில் 'ஐயையோ, வேகலையே' என்று இன்னும் பத்து நிமிஷம் உள்ளே தள்ளினேன். ஆறிய பிறகு கருங்கல்! என் பையன் அதைத் தரையில் தட்டிக் காட்டினான். உருகிய சர்க்கரையும் வெண்ணெயும் ஆறினால்தான் இறுகும், மொறுமொறுப்பு அப்போதுதான் வரும். தட்டிலேயே ஐந்து நிமிஷம் விட்டு, பிறகு கம்பித் தட்டில் ஆறவையுங்கள்.

நிறத்தைப் பற்றி நான் இத்தனை சொல்வதற்கு ருசி மட்டும் காரணம் இல்லை. மாவுப் பண்டங்களை 120 டிகிரிக்கு மேல் வறட்டுச் சூட்டில் சிவக்க விடும்போது அக்ரிலமைடு என்ற ஒரு வேதிப்பொருள் உண்டாகிறது என்று 2002-ல் ஸ்வீடன் நாட்டு விஞ்ஞானிகள் கண்டுபிடித்தார்கள். அதிக அளவில் அது நல்லதல்ல என்பது சோதனைச்சாலை விலங்குகளிடம் தெரிந்த விஷயம். நிறம் கறுக்கக் கறுக்க அதுவும் கூடும். பொன்னிறத்தோடு நிறுத்துங்கள். கருகினதை 'வீணாகுதே' என்று நீங்கள் சாப்பிட்டுத் தீர்க்க வேண்டாம்.

ஓவன் இல்லையா?

சாதாரண மைக்ரோவேவில் இது வராது. கன்வெக்ஷன் வசதி இருந்தால்தான் பேக் ஆகும். குக்கரில் மணலோ உப்போ போட்டுச் செய்கிறவர்கள் உண்டு. தண்ணீர் இல்லாமல் காயவைத்தால் குக்கரின் அடிப்பாகம் கெட்டுப்போகும். பருப்பு வேகவைக்க நாளைக்கும் அது வேண்டுமே! பழைய, கனமான இரும்பு வாணலி ஒன்று போதும். (நான்-ஸ்டிக் கூடவே கூடாது, வெறுமனே சூடேறினால் அதன் பூச்சு பாழாகும்.) அடியில் இரண்டு டம்ளர் கல் உப்பைப் பரப்பி, மேலே ஒரு பிரிமணை மாதிரியான இரும்பு ஸ்டாண்ட் வைத்து, நன்றாகப் பொருந்துகிற மூடி போட்டு, நடுத்தர தீயில் பத்து நிமிஷம் காயவிடுங்கள். பிறகு தட்டை உள்ளே வைத்து, சின்னத் தீயில் 20 முதல் 25 நிமிஷம். மேலிருந்து சூடு வராததால் மேல்பக்கம் வெளுப்பாகவே இருக்கும். ஒன்றைத் திருப்பி அடியைப் பார்த்து எடுங்கள். ஒரு ஈட்டுக்கு ஏழெட்டுதான் பிடிக்கும், பொறுமை வேண்டும். அந்த உப்பைச் சமையலுக்குச் சேர்க்காமல் தனி டப்பாவில் போட்டு வைத்தால் அடுத்த தடவைக்கு ஆகும்.

டாக்டர் போட்ட கணக்கு

இப்போது அந்தத் தாளுக்கு வருவோம். மேலே சொன்ன அளவில், மொத்தமாகச் சுமார் 2,200 கலோரி. 24-ஆல் வகுத்தால் ஒரு பிஸ்கட்டுக்குக் கிட்டத்தட்ட 90 கலோரி. அதில் மாவுச்சத்து 12 கிராம் போல. அந்தப் பன்னிரண்டில் 5 கிராம் நேரடியான இனிப்பு, அதாவது தலை தட்டி ஒரு டீஸ்பூன் சர்க்கரை!

"நான் 60 கிராம் நாட்டுச் சர்க்கரைதானே போட்டேன்?" என்று கேட்டேன். அதில் பாதிதான் அங்கிருந்து வருகிறது. மீதிப் பாதிக்கு மேல் கிஸ்மிஸும் பேரீச்சையும் கொண்டுவருவது. திராட்சையிலிருந்து தண்ணீரை எடுத்துவிட்டால் மிச்சமிருப்பதில் மூன்றில் இரண்டு பங்கு சர்க்கரைதான். பேரீச்சையும் அப்படியே. நார்ச்சத்து, பொட்டாசியம் எல்லாம் கூடவே வருகிறது, மறுக்கவில்லை. ஆனால் ரத்தத்துக்குள் போன பிறகு குளுக்கோஸ் 'நான் பழத்திலிருந்து வந்தேன்' என்று சலுகை கேட்காது.

நாட்டுச் சர்க்கரைக்கும் இதே கதைதான். வெள்ளைச் சர்க்கரை 100 கிராமில் 400 கலோரி, இதில் சுமார் 380. வாசனைக்காகவும் நிறத்துக்காகவும் நான் அதைப் போடுகிறேன். 'சுகர் ஏறாது' என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். உலக சுகாதார நிறுவனம் 2015-ல் சொன்ன அறிவுரைப்படி, நாமாகச் சேர்த்துக்கொள்கிற சர்க்கரை (வெல்லம், தேன், ஜூஸ் எல்லாம் இதில் சேர்த்தி) ஒரு நாளைக்கு 50 கிராமுக்குள் இருக்க வேண்டும், 25 கிராமுக்குள் இருந்தால் இன்னும் நல்லது. இது சர்க்கரை நோய் இல்லாத பெரியவர்களுக்கும் சேர்த்துச் சொன்னது.

"அப்போ ஓட்ஸால புண்ணியமே இல்லையா டாக்டர்?" என்று மாமா பரிதாபமாகக் கேட்டார். இருக்கிறது. ஓட்ஸில் பீட்டா குளூக்கான் என்றொரு நார்ச்சத்து, தண்ணீரில் கொழகொழவென்று ஆகிறது. கஞ்சி காய்ச்சினால் பாத்திரத்தில் வழுவழுப்பாக ஒட்டுமே, அதுதான். கெட்ட கொழுப்பைக் குறைக்க அது உதவுகிறது. தினமும் 3 கிராம் உள்ளே போனால் பலன் உண்டு என்ற அடிப்படையில், அமெரிக்க உணவு, மருந்து நிர்வாகம் ஓட்ஸ் பாக்கெட்டில் அதை அச்சிட 1997-ல் அனுமதித்தது. நம் பிஸ்கட் ஒன்றில் அது கால் கிராம்தான். 3 கிராம் வேண்டுமென்றால் பன்னிரண்டு பிஸ்கட் தின்ன வேண்டும், கூடவே ஆயிரத்துக்கும் மேல் கலோரியும் ஏறும்! கொலஸ்ட்ராலுக்காக ஓட்ஸ் என்றால் காலையில் கஞ்சியாகவோ உப்புமாவாகவோ சாப்பிடுங்கள். பிஸ்கட் என்பது ஆசைக்குச் சாப்பிடுவது. ஆசைக்குச் சாப்பிடுவதில் கொஞ்சம் நல்லதும் இருக்கட்டும் என்பதுதான் இதன் தகுதி.

வெண்ணெய் பற்றியும் ஒரு வார்த்தை. அதில் எடைக்குப் பாதி, உறைகிற ரகக் கொழுப்பு. பேக்கரிகளில் வனஸ்பதி போட்டுச் செய்த காலத்தோடு ஒப்பிட்டால் பரவாயில்லை. (எண்ணெய், வனஸ்பதி வகைகளில் டிரான்ஸ் கொழுப்பு 2 சதவீதத்தைத் தாண்டக் கூடாது என்று 2022 ஜனவரியிலிருந்து நம் நாட்டில் சட்டமே வந்துவிட்டது.) இதய நோயாளி உள்ள வீட்டில் 50 கிராம் வெண்ணெயும் 40 கிராம் கடலை எண்ணெயுமாகப் போடலாம். கொஞ்சம் உதிரும், ருசி மோசமில்லை.

யாருக்கு எத்தனை?

ஓடியாடுகிற பள்ளிக்கூடப் பிள்ளைகளுக்கு இடைவேளைக்கு இரண்டு தாராளமாகக் கொடுக்கலாம். உலர் பழம் பல்லில் ஒட்டிக்கொள்ளும், சாப்பிட்டதும் வாய் கொப்பளிக்கச் சொல்லுங்கள். நாலு வயசுக்குட்பட்ட குழந்தைக்கு முழுக் கிஸ்மிஸ் தொண்டையில் அடைக்கக்கூடும். பொடியாக நறுக்கிப் போட்டுச் செய்து, பக்கத்தில் உட்கார்ந்து கொடுங்கள். கோதுமை ஒத்துக்கொள்ளாத சீலியாக் நோயாளிகளுக்கு இந்தப் பிஸ்கட் கூடாது. சிறுநீரகக் கோளாறு உள்ளவர்களுக்கு உலர் பழத்திலுள்ள பொட்டாசியம் சேராமல் போகலாம், டாக்டரைக் கேட்காமல் கொடுக்காதீர்கள்.

சர்க்கரை நோயாளிக்கு? மாமாவுக்கு டாக்டர் அனுமதித்தது சாயங்காலம் ஒன்றே ஒன்று. அதுவும் வழக்கமான சாயங்கால டிபனோடு கூடுதலாக அல்ல, அதற்குப் பதிலாக. உங்கள் வீட்டுப் பெரியவருக்கு எவ்வளவு என்பதை அவருடைய டாக்டரோ டயட்டீஷியனோதான் சொல்ல வேண்டும். 12 கிராம் மாவுச்சத்து என்ற கணக்கைக் கையில் கொண்டுபோனால் அவர்களுக்கும் சுலபம். இவர்களுக்காகச் செய்யும்போது நான் நாட்டுச் சர்க்கரையைப் பாதியாக்கிவிடுகிறேன். சர்க்கரை குறைந்தால் மொறுமொறுப்பும் சிவப்பும் குறையும். அதற்காக அதிக நேரம் வைத்துவிடாதீர்கள்.

இன்னொன்றும் அவசியம் தெரிந்திருக்க வேண்டும். மாத்திரை அல்லது இன்சுலின் போடுகிறவருக்குச் சர்க்கரை திடீரென்று இறங்கி, வியர்த்து, கை நடுங்கினால் அவசரத்துக்குப் பிஸ்கட்டை நீட்டுகிறோம். அது சரியில்லை. பிஸ்கட்டிலுள்ள கொழுப்பு, சர்க்கரை ரத்தத்தில் கலப்பதைத் தாமதப்படுத்தும். முதலில் மூன்று டீஸ்பூன் குளுக்கோஸோ சர்க்கரையோ தண்ணீரில் கரைத்துக் கொடுங்கள். கால் மணி நேரத்தில் சரியாகாவிட்டால் மறுபடியும் அதே அளவு. தெளிந்த பிறகு, அடுத்த சாப்பாட்டுக்கு நேரம் இருந்தால் ஒரு பிஸ்கட் கொடுக்கலாம். நினைவு தப்பியவருக்கு வாயில் எதையும் ஊற்றாமல் உடனே ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு ஓடுங்கள்.

நன்றாக ஆறிய பிறகே டப்பாவில் போடுங்கள். சூடாகப் போட்டால் வேர்த்து நமுத்துவிடும். காற்றுப் புகாத எவர்சில்வர் டப்பாவில் ஒரு வாரம் கெடாது. நான் 24-ஐயும் ஒரே நாளில் பேக் செய்வதில்லை. பாதி உருண்டைகளை ஃப்ரீஸரில் போட்டுவிட்டு, தேவைப்படும்போது எடுத்துச் செய்கிறேன். டப்பாவில் குறைவாக இருந்தால் கையும் குறைவாகத்தான் போகும்.

போன மாதப் பரிசோதனையில் மாமாவுக்கு 7.4. மாத்திரைக்கும் வாக்கிங்குக்கும் அதில் பங்கு உண்டு, பிஸ்கட் டப்பாவை மேல் அலமாரியில் ஏற்றியதற்கும் உண்டு. நேற்று சாயங்காலம் ஒன்றை எடுத்துக் கொடுத்தேன். டப்பாவை எட்டிப் பார்த்தவர், "ஏம்மா... அந்த உடைஞ்ச பாதி கணக்குல வராதுல்ல?" என்றார்.

வரும் மாமா. நாற்பத்தைந்து கலோரி.